இறங்கத் தெரியாத ஏட்டு

எனக்குத் தெரிந்த போலீஸ்காரர்களிலேயே பெரிய ஆள் யாரென்று கேட்டால் ஒருவரைச் சொல்வேன். அவர் வாழ்நாளில் ஒரு திருடனைக்கூடப் பிடித்ததில்லை. பழைய டி.வி. நகைச்சுவைத் தொடர் ஒன்றில் ஏட்டாக வாரம் ஒருமுறை வருவார். முதலில் தொப்பை வரும், பின்னாலேயே அவர் வருவார். திருடனைத் துரத்திக்கொண்டு ஓடுவார். பாதித் தெருவில் மூச்சு வாங்கி உட்கார்ந்துவிடுவார். ஓடிய திருடன் மனசு கேட்காமல் திரும்பி வந்து விசிறிவிடுவான். இவர் அவன் தலையில் கைவைத்து ஆசீர்வாதம் பண்ணி அனுப்பிவைப்பார். அவன் முக்குத் திரும்பிய பிறகுதான், "ஐயோ, அவனாச்சே!" என்று எழுந்திருப்பார்.

நான் அவரைப் பார்த்தது போலீஸ் பயிற்சிக் காலத்தில். எங்கள் பாரக்ஸில் ஒரே ஒரு டி.வி. இருந்தது. பகலெல்லாம் வெயிலில் ஓடி, முட்டிபோட்டு, திட்டு வாங்கிய அத்தனை பேரும் அந்த அரைமணி நேரத்துக்கு அதன் முன்னால் கிடப்போம். ஒருநாள் எங்கள் கவாத்து வாத்தியார் வாசலில் வந்து நின்றார். சிரித்து யாரும் பார்த்திராத முகம் அவருக்கு. போலீஸைக் கிண்டல் பண்ணும் தொடரை நிறுத்தச் சொல்லத்தான் வந்திருக்கிறார் என்று எல்லோரும் எழுந்து விறைப்பாக நின்றோம். டி.வி.யில் நம் ஆள் லாக்கப்புக்குள் தானே போய்ப் பூட்டிக்கொண்டு, சாவியைக் கைதியிடம் கொடுத்து, "பத்திரமா வெச்சுக்கோ" என்றார். வாத்தியாரின் தோள் குலுங்க ஆரம்பித்தது. கதவைப் பிடித்துக்கொண்டார். கண்ணீர் வரச் சிரித்தார். அடுத்த வாரம் அவருக்கு முன்வரிசையில் ஒரு நாற்காலி போட்டிருந்தோம்.

அன்றிலிருந்து எனக்கு அது ஒரு பிரமிப்பு. ஊரை நடுங்கவைக்கும் மனிதரையே அழவைக்கிற அளவுக்கு, ஒன்றுக்கும் உதவாத அந்த ஏட்டிடம் அப்படி என்ன இருக்கிறது?

விடை கிடைக்க எனக்கு மயிர் நரைக்க வேண்டியிருந்தது. இப்போது நானே ஏட்டு. பரமத்தி வேலூர்ப் பக்கம் ஒரு ஸ்டேஷன். தொப்பை விஷயத்திலும் டி.வி. ஏட்டுக்குக் கடன்வைக்கவில்லை. சீருடை மாட்டிக்கொண்டு கண்ணாடி முன்னால் நின்றால் என் மனைவி, "அந்தத் தொடரு முடிஞ்சுபோச்சுன்னு நெனச்சனுங்க, நம்மூட்லதான் ஓடிட்டு இருக்குது" என்பாள்.

போன ஆடியில் ஒரு முற்பகல், ஒரு கிராமத்தின் குடிதண்ணீர் டேங்க் மேல் ஒருவர் ஏறி நின்றுகொண்டு குதிக்கப் போவதாகச் சொல்கிறார் என்று தகவல் வந்தது. சப் இன்ஸ்பெக்டரும் நானும் ஜீப்பில் போனோம். சப் இன்ஸ்பெக்டர் சின்ன வயசு. நல்ல உடம்பு, நல்ல குரல். ஓட்டப்பந்தயத்தில் மெடல் வாங்கியவர். என்னைப் பக்கத்தில் உட்காரவைத்துக்கொண்டு போவது அவருக்குத் திருஷ்டிப் பரிகாரம் மாதிரி.

மேலே நின்றவர் யாரென்று பார்த்தேன். தெரிந்தவர்தான். வாழை விவசாயி. கொஞ்ச நாளாகவே ஸ்டேஷனுக்கு நடந்துகொண்டிருந்தார். அவர் தோட்டத்துக்குப் போகிற வண்டித்தடம் அவருடைய பங்காளியின் நிலத்து வழியாகப் போகிறது. பங்காளி என்றால் பெரியப்பா மகன். அவர் தடத்தை மறித்துக் கல் நட்டுக் கம்பி கட்டிவிட்டார். உள்ளே வாழைத்தார் முற்றி நிற்கிறது. லாரி போக வழியில்லை. ஆடிக்காற்றோ தினமும் மரங்களைச் சாய்த்துக்கொண்டிருந்தது. தாலுகா ஆபீஸில் எங்களைக் கைகாட்டினார்கள். நாங்கள் தாலுகா ஆபீஸைக் கைகாட்டினோம். நடுவில் அவர் நடந்தார்.

சண்டைக்குக் காரணம் நிலம்கூட இல்லை. பங்காளி வீட்டுக் காதுகுத்துக்கு இவர் போயிருக்கிறார். வாசலில் நின்ற பங்காளி, போனில் பேசிக்கொண்டிருந்த மும்முரத்தில் இவரை "வாங்க" என்று கேட்கவில்லை. எங்கள் பக்கத்தில் இது சாதாரணக் குற்றமில்லை. அடித்தால்கூட மறந்துவிடுவோம். வாசலுக்கு வந்தவரை "வாங்க" என்று ஒரு வார்த்தை கேட்காவிட்டால் பேரன் காலம்வரை மறக்கமாட்டோம். இவர் அப்படியே திரும்பி வந்துவிட்டார். அடுத்து வந்த நோம்பிப் பண்டிகைக்கு இவர் அவரை "வாங்க" என்று கேட்கவில்லை. அதற்கடுத்து அவர் கல் நட்டார்.

டேங்கைச் சுற்றி ஊரே நின்றது. கூட்டத்தில் பங்காளியும் நின்றார், முகம் வெளுத்துப்போய். சப் இன்ஸ்பெக்டர் மைக்கைப் பிடித்து, "மரியாதையா எறங்குங்க, இல்லன்னா கேஸாயிரும்" என்றார். சாகப்போகிறவரைக் கேஸ் போட்டு மிரட்டுவது எங்கள் இலாகாவுக்கே உரிய கலை. அவர் விளிம்புக்கு இன்னும் நெருங்கினார். சப் இன்ஸ்பெக்டர் ஏணியில் கால் வைத்தார்.

"ஏறாதீங்க சார்! காலெடுத்து வெச்சீங்கன்னாக் குதிச்சுப்போடுவேன்!" என்று மேலேயிருந்து குரல் வந்தது. வெறும் மிரட்டல் இல்லை என்பது அந்தக் குரலிலேயே தெரிந்தது. சப் இன்ஸ்பெக்டர் காலை எடுத்துவிட்டார். தீயணைப்பு வண்டி வரும்வரை பேச்சுக் கொடுப்பதைத் தவிர வேறு வழியில்லை.

அந்த நேரம் பார்த்து ஒரு வாலிபன், போனும் கையுமாக, படம் பிடிக்க வாகாக இருக்குமென்று பின்பக்கமாக வந்து ஏணியில் பாதித் தூரம் ஏறிவிட்டான். "ஏட்டய்யா, அவன மொதல்ல எறக்குங்க" என்றார் சப் இன்ஸ்பெக்டர். எனக்கு இட்ட வேலை அவ்வளவுதான். லத்தியைக் கக்கத்தில் இடுக்கிக்கொண்டு அவன் காலைத் தட்டுவதற்காக நான் ஏறினேன். அவன் தூணின் குறுக்குச் சட்டத்தில் கால் மாற்றி, உடும்பு மாதிரி இறங்கி ஓடிவிட்டான்.

ஏணியில் நான் மட்டும் நின்றேன். கீழே பார்த்தேன். பார்த்திருக்கக் கூடாது.

தலைகள் எல்லாம் எலுமிச்சம்பழம் அளவில் தெரிந்தன. ஜீப் தீப்பெட்டியாகத் தெரிந்தது. உள்ளங்கால் கூசி, அங்கிருந்து ஏதோ ஒன்று கிளம்பிப் பின்கழுத்துப் பொடனிவரை ஏறியது. லத்தி தானாக நழுவி விழுந்தது. காற்று தொப்பியை எடுத்துக்கொண்டு போனது. எனக்கு உயரம் என்றால் பயம் என்று இலாகாவில் யாருக்கும் தெரியாது. எனக்கே அரைகுறையாகத்தான் தெரிந்திருந்தது.

கீழே இறங்க வேண்டுமென்றால் கீழே பார்த்தாக வேண்டும். மேலே ஏறுவதற்கு அது தேவையில்லை. ஆகவே நான் மேலே ஏறினேன்.

கூட்டம் கை தட்டியது. "ஏட்டய்யா துணிஞ்சுட்டாருடா!" என்று யாரோ கத்தினார்கள். சப் இன்ஸ்பெக்டர் பல்லைக் கடித்துக்கொண்டு, "யோவ், எறங்குய்யா" என்றார். நானும் அதைத்தான் கேட்டுக்கொண்டிருந்தேன், குலதெய்வத்திடம்.

மேலேயிருந்து அவர் எட்டிப் பார்த்தார். "யாரது, ஏட்டய்யாங்களா? சொன்னாக் கேளுங்க, ஏறாதீங்க. குதிச்சுப்போடுவேன்!"

"நான் ஏறலீங்க" என்றேன். "எனக்கு எறங்கத் தெரியலீங்க."

"என்னுங்க?"

"கீழ பாத்தாக் கிறுகிறுங்குதுங்க. அதனால இப்பிடிக்கா மேல வந்துட்டு இருக்கறனுங்க."

அவர் தலையை இன்னும் கொஞ்சம் நீட்டிப் பார்த்தார். பிறகு, "அப்பறம் எதுக்குங்க ஏறுனீங்க?" என்றார், நியாயமான எரிச்சலோடு.

"அந்தப் போன் வெச்சிருந்தவன எறக்கலாம்னு வந்தனுங்க."

"அவன் எங்கீங்க?"

"அவன் எறங்கிட்டானுங்க."

கடைசிப் பகுதியில் ஏணியின் கம்பிகள் துரு ஏறி ஆடின. என் கனத்தில் அவை இன்னும் ஆடின. அவர் விளிம்பில் மண்டிபோட்டுக் குனிந்தார். "அந்தக் கம்பியத் தொடாதீங்க, வந்துரும். அதுக்கு மேல புடிங்க. பதனமா, பதனமா. கண்ணத் தெறங்க சித்த."

"தெறக்க முடியாதுங்க."

"செரி, கையக் குடுங்க."

என் மணிக்கட்டை ஒரு கை பிடித்தது. வாழைத்தார் சுமக்கிற கை. என் எடை அதற்கு மூன்று நாலு தார்தான். இழுத்தார். விளிம்பில் வயிறு உரச, சட்டைப் பொத்தான்கள் தெறிக்க, மீன் மாதிரி மேலே போய் விழுந்தேன்.

"வாங்க" என்றார் அவர்.

வாய் தவறி வந்ததுதான். வளர்ந்த பழக்கம். வருகிற ஆளைக் கண்டால் எங்கள் ஊர் வாயில் தானாக வருவது. ஆனால் சொல்லிவிட்டார். சொன்ன பிறகு, வந்த விருந்தாளியை, எங்கள் பேச்சில் ஒறம்பரையை, நடுக்காட்டில் விட்டுவிட்டுப் போகிற வழக்கம் எங்கள் பக்கத்தில் எந்தச் சாதிசனத்துக்கும் கிடையாது. அது அவருக்கும் தெரிந்தது என்று நினைக்கிறேன். விளிம்புக்குப் போகாமல் அங்கேயே நின்றார். "உக்காருங்க" என்றார். நான் உட்காரவில்லை, குப்புறக் கிடந்தேன்.

"தண்ணி இருக்குதுங்களா?" என்று கேட்டேன். ஊருக்கே தண்ணீர் கொடுக்கிற டேங்கின் மேல் படுத்துக்கொண்டு இப்படிக் கேட்ட முதல் ஆள் நானாகத்தான் இருப்பேன்.

அவர் நடக்கிற சத்தம் கேட்டது. டேங்க் மூடி திறந்தது. "துண்ட நனைச்சுத் தாரனுங்க" என்றார்.

"ஐயோ, அதுல துண்ட நனைக்காதீங்க! ஊரே குடிக்கற தண்ணி. கேஸாயிருமுங்க."

அவருக்குச் சிரிப்பு வந்தது. என்ன சிரிப்பு என்கிறீர்கள்? அழுகையும் இருமலும் சேர்ந்த ஒரு சத்தம். "நான் சாகறக்கு வந்தவனுங்க. எம்மேல கேஸாங்க?" என்றபடி தொப்பென்று என் பக்கத்தில் உட்கார்ந்தார். பிறகு நிஜமாகவே அழுதார். நான் கண்ணைத் திறக்காமலேயே கையை நீட்டி அவர் முதுகைத் தேடினேன். முதலில் டேங்க் மூடியைத் தட்டிக்கொடுத்தேன். இரண்டாவது முறை அவர் முதுகு கிடைத்தது.

அழுது முடித்து, "பாருங்க, அந்தச் சோளக்காட்டுக்கு அக்கட்டால தெரியுதுங்களா, அதான் நம்ம தோட்டம்" என்றார்.

"நான் இன்னும் கண்ணத் தெறக்கலீங்க."

"அட, என்னுங்க நீங்க" என்றார். பிறகு கண் தெரியாதவனுக்குச் சொல்வது மாதிரி சொல்ல ஆரம்பித்தார். ஒவ்வொரு தார் எப்படித் திரண்டிருக்கிறது. எந்த வரிசை காற்றில் சாய்ந்தது, எதற்கெல்லாம் கழி முட்டுக் கொடுத்திருக்கிறார். கிழக்கோரம் இருக்கிற ஒரு மரம் இரண்டு தடவை சாய்ந்தும் தார் விழாமல் நிற்கிறது. ஸ்டேஷனில் இதே மனிதர் பெஞ்சில் மணிக்கணக்காக உட்கார்ந்தபோது, "தடம் எத்தனை அடி?" என்பதைத் தவிர நாங்கள் ஒன்றும் கேட்டதில்லை. அவரும் சொன்னதில்லை.

கீழே தீயணைப்பு வண்டி வந்த சத்தம் கேட்டது. சைரன், மைக், விசில், எல்லாம் ஒன்றாகச் சேர்ந்தன. நான் இன்னும் தளத்தோடு ஒட்டிக்கொண்டேன். அவர் எழுந்தார், காலடி விளிம்புப் பக்கம் போனது. எனக்கு உயிரே போய்விட்டது. "போகாதீங்க!" என்று அவர் வேட்டியைத் தடவிப் பிடித்தேன்.

அவர் கீழே பார்த்துக் கத்தினார்: "சார்! மைக்க அமத்துங்க சார்! ஏட்டய்யா பயந்துக்கறாரு! நான் கூட்டிட்டு வாரேன்!"

ஊரே சிரித்தது. அந்தச் சிரிப்பு மேலே வந்து சேர்ந்தபோது எனக்கு அவமானமாக இல்லை. நான் கூட்டிட்டு வாரேன் என்று அவர் சொல்லிவிட்டாரே. அந்த வார்த்தையின் அர்த்தம் அவருக்கு உறைக்கும்முன் எழுந்துவிட வேண்டுமென்று மண்டிபோட்டேன்.

அவர் முதலில் இறங்கினார். எனக்குக் கீழே நின்று, என் பூட்ஸைக் கையால் பிடித்து ஒவ்வொரு கம்பியாக எடுத்து வைத்தார். "எடது காலுங்க. அது சோத்தாங்காலு. எடது. ஆ, அப்படித்தான். நல்லா அழுத்தி வைங்க." பாதி வழியில்தான் எனக்கு ஒன்று புரிந்தது. சற்றுமுன் செத்துவிடுவேன் என்று நின்றவர், இப்போது நான் விழுந்தால் தாங்குவதற்காக எனக்குக் கீழே நின்றுகொண்டிருக்கிறார். அதன்பிறகு காலை இன்னும் மெதுவாக வைத்தேன். பயத்தினால் அல்ல. பயமும் இருந்தது, இல்லையென்று சொல்லவில்லை.

அடியில் ஏணியைக் கெட்டியாகப் பிடித்துக்கொண்டு நின்றது பங்காளி. இவர் தரையில் கால் வைத்ததும் அவர், "ஏண்டா, நாலு தாருக்காடா இப்படிப் பண்ணுவ?" என்று சட்டையைப் பிடித்து உலுக்கினார். "நாலு தாரில்லடா, ஒரு தோட்டம்!" என்றார் இவர். அந்த நேரத்திலும் கணக்கை விடவில்லை. "வெட்டித் தொலை. கம்பிய அவுத்துர்றேன். இந்த வெட்டுக்கு மட்டுந்தான், ஆமா" என்றார் அவர். அவரும் விடவில்லை. இருவரும் கட்டிக்கொண்டு அழுதார்கள். ஏணியில் இன்னும் கொஞ்ச உயரத்தில் நான் தொங்கிக்கொண்டிருந்ததை யாரும் கவனிக்கவில்லை.

அன்று மாலையே அந்தப் போன் வாலிபன் கைங்கரியத்தில் வீடியோ ஊர் ஊராகப் போய்விட்டது. ஏணியில் என் பின்பக்கம் மட்டும் பிரம்மாண்டமாகத் தெரிகிறது. அதற்கு யாரோ அந்தப் பழைய டி.வி. தொடரின் இசையைச் சேர்த்திருந்தார்கள். என் மகள் சாப்பிட்ட தட்டை வைத்துவிட்டு ஓடிவந்து காட்டினாள். "அப்பா, எவ்வளவு பேர் பாத்திருக்காங்க பாருங்க" என்றாள். மனைவி எட்டிப் பார்த்து, "பேன்ட்டு தெச்சவனுக்குத்தான் மெடல் குடுக்கோணும்" என்றாள்.

மறுநாள் பெரிய அதிகாரி கூப்பிட்டார். சீருடைக்கு இழுக்கு என்று ஏதாவது வரும் என்று போய் விறைப்பாக நின்றேன். அவர் போனில் வீடியோவை இன்னொரு முறை ஓட்டினார். கவாத்து வாத்தியாருக்குக் குலுங்கியது போலவே தோள் குலுங்கியது. "எறங்கும்போதாவது கண்ணத் தெறந்தியாய்யா?" என்று கேட்டார். "இல்லைங்கய்யா" என்றேன். "போய்யா" என்றார்.

வீடியோவில் நான் என்னை மட்டும்தான் பார்த்திருந்தேன். ஊர் வேறொன்றைப் பார்த்திருக்கிறது. கடைத்தெருவில், பஸ்ஸில், சந்தையில் அந்த வாழை விவசாயியைப் பார்ப்பவர்கள் எல்லாம், "போலீஸையே காப்பாத்திக் கூட்டியாந்தவருங்க இவரு" என்று சொல்லியிருக்கிறார்கள். தற்கொலை பண்ணப் போனவர் என்று ஒருவரும் சொல்லவில்லை. அந்தப் பேச்சுக்கே இடமில்லாமல் என் பின்பக்கம் மறைத்துக்கொண்டிருந்தது.

அப்போதுதான் டி.வி. ஏட்டு எனக்குப் புரிந்தார். அவர் தடுக்கி விழுகிற இடத்தில் எல்லாம் பக்கத்தில் ஒருவன் நின்றுகொண்டிருப்பான். கிழவி, பால்காரன், திருடன், யாரோ ஒருவன். இவர் விழுந்ததும் அவன் கை நீட்டுவான். அந்தக் கணம்வரை அவன் போலீஸைக் கண்டு ஒதுங்குகிறவன். கை நீட்டிய பிறகு அவன் வேறு ஆள், ஒருவரைத் தூக்கிவிட்டவன். நாங்கள் சிரித்தது ஏட்டைப் பார்த்து. ஆனால் மனசு நிறைந்தது நீட்டிய அந்தக் கையைப் பார்த்து. ஊரை நடுங்கவைத்து நடுங்கவைத்துக் களைத்துப்போன அந்த வாத்தியாருக்கு, ஒரே ஒரு நாளாவது தடுக்கி விழ ஆசையாக இருந்திருக்கலாம்.

தார் வெட்டுகிற அன்று காலையில் நான் தோட்டத்துக்குப் போனேன். பந்தோபஸ்து என்று சொல்லிக்கொண்டேன். கம்பி அவிழ்த்திருந்தது, கல் அப்படியே இருந்தது. லாரி பின்னால் வர, பங்காளி வழி காட்டிக்கொண்டு வந்தார். "ரைட்ல ஒடிங்க, ரைட்ல! என் கல்லுல இடிச்சுப்போடாதீங்க!" இவர் மரத்தடியில் நின்று, தாரை வாங்கித் தோளில் ஏற்றிக்கொண்டிருந்தார். என்னைப் பார்த்ததும் தாரோடு அப்படியே நின்றார்.

"ஏட்டய்யா, ஒண்ணு கேட்டாக் கோவிச்சுக்க மாட்டீங்களே?"

"கேளுங்க."

"அன்னிக்கி நெசமாவே பயந்துதான் ஏறுனீங்களா? இல்ல, எனக்கோசரம் நடிச்சீங்களா? நடிச்சதுன்னு ஊட்ல பேசிக்கறாங்க."

ஆமாம், நடித்தேன் என்று சொல்ல நாக்கு நுனிவரை வந்தது. எப்பேர்ப்பட்ட பெயர் கிடைக்கும்! ஆனால் அப்படிச் சொன்னால் அவர் காப்பாற்றியது ஒரு நடிகனை என்றாகிவிடும்.

"நெசமாத்தானுங்க" என்றேன். "நீங்க கை குடுக்கலைன்னா நான் விழுந்திருப்பனுங்க."

அவர் தலையை ஆட்டினார். "அதாஞ் சொன்னேன் ஊட்ல" என்றார். "நீங்க மட்டும் வெரசா, நல்லா ஏறி வந்திருந்தீங்கன்னா, நான் குதிச்சிருப்பனுங்க."

சொல்லிவிட்டுத் தாரைச் சுமந்துகொண்டு லாரிக்கு நடந்தார். வாழை இலைகள் காற்றில் படபடவென்று அடித்துக்கொண்டன. என் கால்கள் தரையில்தான் இருந்தன. ஆனாலும் பக்கத்திலிருந்த மரத்தை ஒரு கையால் பிடித்துக்கொண்டேன்.